அளக்கும்போது பேசக் கூடாது

"நிழலை எடு," என்கிறார் வெர்னா பாஸ்கோ, தலையைத் தூக்காமல்.

நிழலின் சொந்தக்காரர் இரண்டடி பின்னால் போகிறார். வெர்னா புல்தரையில் குப்புறப் படுத்திருக்கிறார். ஒரு கண் மூடியிருக்கிறது. மூக்குக்கு ஒரு சாண் முன்னால் ஜாக் என்கிற வெள்ளைச் சிறு பந்து. அதற்கு இந்தப் பக்கம் ஒரு கறுப்புப் பந்து, அந்தப் பக்கம் ஒரு கறுப்புப் பந்து. வெள்ளைக்கு எது கிட்டே கிடக்கிறதோ அந்த அணிக்குப் புள்ளி. லான் பவுல்ஸ் ஆட்டத்தில் புரிந்துகொள்ள வேண்டியது அவ்வளவுதான். சண்டை போடவும் அவ்வளவு போதும்.

"டல்சியோடதுதான் கிட்ட. இங்கேர்ந்தே தெரியுது," என்கிறார் யாரோ.

"அங்கேர்ந்து பாத்தா நிலாகூடக் கிட்டத்தான் இருக்கும். வாயை மூடு கண்ணு."

வாயை மூடுகிறார்கள். வெர்னா அளக்கும்போது எங்கள் கிளப்பில் யாரும் பேசுவதில்லை. இருமல் வந்தவர்கள் வேலிப் பக்கம் போய் இருமிவிட்டு வருவார்கள். ஏதாவது ஒரு பந்து இன்னொன்றின்மேல் சாய்ந்து நின்றால் அரை நிமிஷம் பொறுக்க வேண்டும் என்பது விதி. தானாக விழுகிற பந்துக்கு விழ அவகாசம் தர வேண்டும். மற்ற கிளப்புகளில் பத்து எண்ணிவிட்டு அரை நிமிஷம் என்பார்கள். வெர்னா கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டே நிற்பார். முப்பதாவது விநாடிக்குப் பிறகுதான் மண்டியிடுவார்.

வயது அறுபத்திரண்டு. குட்டையான உருவம். வலது முழங்கால் சரியில்லை. அதற்காக, கிளப்பில் பழைய தரைவிரிப்பைப் பிடுங்கிப் போட்டபோது ஒரு துண்டு வெட்டி எடுத்துக்கொண்டார். எப்போதும் கக்கத்தில் இருக்கும். அதன்மேல் மண்டியிட்டுத்தான் அளப்பார். நாற்பது வருஷத்து பீர் அதில் ஊறியிருக்கிறது. வெயில் நாட்களில் வெர்னா மைதானத்தின் எந்த மூலையில் அளந்துகொண்டிருக்கிறார் என்பதைக் கண்ணை மூடிக்கொண்டே சொல்லிவிடலாம்.

கயிறு ஒரு பித்தளைக் கூட்டுக்குள் சுருண்டிருக்கும். ஒரு நுனியை ஜாக்கின்மேல் தொடுவார், மறு நுனியைப் பந்துக்கு இழுப்பார். பிறகு அடுத்த பந்துக்கு. முடிவைச் சொல்லிவிட்டு எழுந்திருப்பது மற்றவர்கள் வழக்கம். வெர்னா முடிவைச் சொல்லிவிட்டு, கயிற்றைத் தோற்றவரிடம் நீட்டுவார்.

"நீயே ஒரு தடவை பாரு கண்ணு."

பெரும்பாலும் யாரும் வாங்குவதில்லை. கையை ஆட்டிவிட்டுப் போய்விடுவார்கள். ஆனாலும் நீட்டாமல் இருந்ததில்லை. ஏன் என்று ஒரு முறை கேட்டேன். "ஜெயிச்சவனுக்கு எதுக்கு அளவு? அவன் பீர் வாங்கப் போயிடுவான். தோத்தவன்தானே ராத்திரி முழுக்க அதையே நெனைச்சுக்கிட்டுப் படுத்திருப்பான்."

மே கடைசியிலிருந்து செப்டம்பர் முடிய வெர்னாவுக்கு வேலை உண்டு. ஆற்றங்கரையோடு முப்பது கிலோமீட்டர் போனால் ஆரஞ்சு ஷெட். பெல்ட்டில் ஓடிவரும் பழங்களைத் தரம் பிரிக்கிறார். சீசன் முடிந்தால் ஷெட்டைப் பூட்டிவிடுவார்கள். மற்ற மாதங்களில் அரசாங்க உதவித்தொகை. அதற்கு இரண்டு வாரத்துக்கு ஒரு முறை போன் செய்து, எத்தனை மணி நேரம் வேலை செய்தேன் என்று சொல்ல வேண்டும். மணிக்கணக்கை ஆட்டத்தின் ஸ்கோர் அட்டைக்குப் பின்னால் பென்சிலால் குறித்துக்கொள்வார், கைப்பையில் எப்போதும் இருக்கிற காகிதம் அதுதான் என்பதால். அந்த அட்டைகளைத் தூக்கிப்போடுவதும் இல்லை. ஷெட்டிலிருந்து கொண்டுவந்த ஆரஞ்சுப் பெட்டிகளில் வருஷவாரியாக அடுக்கி வைத்திருக்கிறார். "ஆட்டம் முடிஞ்சுடுச்சு, சரி. தகராறு முடிஞ்சுதா?" என்பார்.

போன வருஷம் நவம்பரில் அந்த உதவித்தொகை அலுவலகத்திலிருந்து ஒரு கடிதம் வந்தது. 'தங்கள் வருமான விவரங்களைச் சரிபார்த்து வருகிறோம்' என்று தொடங்கியது. மூன்று வருஷத்துக்கு முந்தைய வருமானம். வெர்னா அந்த முதல் வரியோடு நிறுத்திக்கொண்டார். அவருக்கு அது திருப்தியாகக்கூட இருந்தது.

"அளக்கறாங்க. நல்லதுதானே," என்றார்.

அளக்கும்போது என்ன செய்ய வேண்டுமோ அதைச் செய்தார். பின்னால் தள்ளி நின்றார். பேசவில்லை. கடிதத்தைக் குளிர்சாதனப் பெட்டியின் கதவில் காந்தத்தால் ஒட்டிவைத்துவிட்டு மூன்று வாரம் காத்திருந்தார்.

அவர் கூட்டாளி டல்சிக்கு எழுபத்தொன்பது வயது. பந்தை உருட்டிவிட்டு அதன் பின்னாலேயே ஓடித் திட்டிக்கொண்டு போவார். அவருக்கு இது பிடிக்கவில்லை.

"ஏண்டி, ஒரு போனாவது போட்டு என்னன்னு கேளேன்."

"அடுத்தவங்க அளக்கும்போது பக்கத்துல நின்னு தொணதொணக்கறது என்ன பழக்கம் டல்சி?"

டிசம்பரில் இரண்டாவது கடிதம் வந்தது. நாலாயிரத்து எழுநூற்றுப் பதினாறு டாலர் உதவித்தொகையை வெர்னா கூடுதலாக வாங்கிவிட்டார், திருப்பிக் கட்ட வேண்டும். தன் வருமானத்தைக் குறைத்துச் சொல்லியிருக்கிறார். சரிபார்க்கக் கேட்டும் பதில் தராததால் அதற்குமேல் பத்து சதவீதம் அபராதம்.

அந்த அலுவலகத்தின் கிளை பக்கத்து ஊரில் இருக்கிறது. அதன் கவுன்டரில் வாரத்துக்கு ஐந்து நாள் உட்கார்ந்திருப்பவர் டாரல். சனிக்கிழமைகளில் எங்கள் கிளப்பில், டல்சி அணிக்கு எதிரணித் தலைவர். வெர்னா கடிதத்தோடு கவுன்டருக்குப் போகவில்லை. சனிக்கிழமை வரை பொறுத்திருந்து, ஆட்டம் முடிந்த பிறகு பாரில் அவர் முன்னால் விரித்து வைத்தார்.

"அளந்தது யாரு?"

டாரல் படித்தார். மூக்கைச் சொறிந்துகொண்டார். "யாரும் அளக்கல வெர்னா. வரி ஆபீஸ்ல வருஷ வருமானத்தை மொத்தமா வாங்கும். இருபத்தாறால வகுக்கும். வருஷத்துக்கு இருபத்தாறு ரெண்டு வாரம் வருதில்ல, ஒவ்வொண்ணுக்கும் சமமாப் போட்டுடும். நீ போன்ல சொன்னதோட ஒத்துப்போகலைன்னா கடுதாசி."

"எது வகுக்கும்?"

"கம்ப்யூட்டர்."

"அப்ப நான் மார்ச் மாசம் ஆரஞ்சு பிரிச்சேனா?"

"அதுக்கு அதெல்லாம் தெரியாது."

"மார்ச்ல அந்த ஷெட்டுல பாம்புதான் படுத்திருக்கும் டாரல். அதுக்குச் சம்பளம் குடுத்தது யாரு?"

டல்சி தன் ஷெர்ரி ஒயினை மேஜைமேல் வைத்தார். "நாங்கூட வகுத்துப் பாக்கறேன். சராசரியாப் பாத்தா நானும் செத்துப்போன எம் புருஷனும் ஆளுக்குப் பாதி உயிரோட இருக்கோம். அவனை ஞாயித்துக்கிழமை வந்து புல்லு வெட்டச் சொல்லு, டாரல். உன் கம்ப்யூட்டர்ல சொல்லி அனுப்பு."

டாரலும் சிரித்தார். பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டு சொன்னார். "முதல் கடுதாசிக்கு நீ பதில் போட்டிருக்கணும். பேசாம இருந்தா ஒத்துக்கிட்டதா எடுத்துக்கும். ரெண்டாம் பக்கத்துல இருக்கு."

"சரிபாத்துக்கிட்டு இருக்கோம்னு எழுதியிருந்துது."

"ஆமா."

"நீ அளந்துக்கிட்டு இருக்கும்போது நான் வாயைத் திறப்பேனா?"

டாரல் கிளாஸைக் கீழே வைத்தார். அந்த அலுவலகத்தின் எல்லாக் கிளைகளையும் எல்லா மாடிகளையும் சேர்த்துப் பார்த்தாலும், இந்தப் பதில் புரிகிற ஆள் அவர் ஒருவராகத்தான் இருந்திருப்பார். இருபத்திரண்டு வருஷமாகப் பந்து உருட்டுகிறவர். அவருக்குப் புரிந்தது. அதுதான் அவருக்குக் கஷ்டமாக இருந்தது.

"அதைக் காரணமா எழுத பாரத்துல எடம் இல்ல வெர்னா," என்றார் கடைசியில்.

அடுத்த புதன்கிழமை வெர்னா பித்தளைக் கூட்டைக் கொண்டுவந்து பாரின் மேஜை இழுப்பறையில், பாட்டில் திறப்பான்களுக்கு நடுவே வைத்தார். கிளப் செயலாளர் மெர்வ் அதை விளையாட்டு என்று நினைத்தார்.

"என்ன, கயிறு இத்துப்போச்சா?"

"கயிறு நல்லாத்தான் இருக்கு. நான் சொன்ன கணக்கு பொய்யின்னு சர்க்கார் எழுதியிருக்கு, மெர்வ். பொய்யா நிஜமான்னு தெரியற வரைக்கும் நான் எவனோட பந்தையும் அளக்கக் கூடாது."

"உன்னை யாருடி பொய்னு சொன்னா இங்க?" என்றார் டல்சி.

"இங்க யாரும் சொல்லல. அதனாலதான் நானே வெக்கறேன்."

பணத்தைப் பற்றி அவர் பேசியது ஒரே ஒரு முறைதான். வேன் இன்ஜினுக்காகச் சேர்த்து வைத்திருந்த தொகையும் கிட்டத்தட்ட அதே அளவு என்றார். கயிற்றைப் பற்றியும் மறுபடி பேசவில்லை. ஆனால் ஆட்டம் நடக்கும்போது இரண்டு கையையும் பின்னால் கட்டிக்கொண்டு நிற்க ஆரம்பித்தார். அவரை அப்படிப் பார்க்க நன்றாக இல்லை.

கிளப்பும் நன்றாக இல்லை. முதல் வாரம் மெர்வ் இரும்பு டேப்பால் அளந்தார். டேப் ஜாக்கைத் தட்டி நகர்த்திவிட்டது. நகர்ந்த இடத்திலிருந்து அளந்து முடிவு சொன்னார். இரண்டாவது வாரம் ஒருவர் தன் பெல்ட்டை உருவி அளந்தார். அளவு சரியாக இருந்ததோ என்னவோ, நிமிர்ந்தபோது கால்சட்டை கீழே இருந்தது. மூன்றாவது வாரம் ஓர் அண்ணனும் தம்பியும் ஒரே பந்தைப் பார்த்து எதிரெதிராகச் சத்தியம் செய்தார்கள். இன்னும் பேசிக்கொள்வதில்லை. வேலி ஓரத்தில் கைகட்டி நிற்கும் வெர்னாவை எல்லோரும் திரும்பித் திரும்பிப் பார்த்தார்கள். அவர் ஆற்றைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

ஜனவரியில் ஒரு வசூல் கம்பெனியிலிருந்து போன் வர ஆரம்பித்தது. இனிமையான குரலில் ஓர் இளைஞன். மொத்தமாக வேண்டாம், இரண்டு வாரத்துக்குப் பதினைந்து டாலர் கட்டினால் போதும், கட்டுவதே தெரியாது என்றான். டல்சிக்கு அது நியாயமாகப் பட்டது.

"கட்டித் தொலையேண்டி. பதினைஞ்சு டாலர்தானே. நீ கயித்தை எடு, ஆட்டம் கந்தலாப் போகுது."

"அளக்கறதுக்கு முன்னால பந்தைக் கையில எடுத்துட்டா என்ன அர்த்தம்?"

டல்சிக்கு அது தெரியும். அளப்பதற்கு முன் பந்தைத் தூக்கிவிட்டால் தோல்வியை ஒப்புக்கொண்டதாக அர்த்தம். அவசரப்பட்டு அப்படித் தூக்கி, ஜெயிக்க வேண்டிய இரண்டு பைனல்களைக் கோட்டைவிட்டவர் அவர்.

அலுவலகத்துக்குப் போன் செய்வது என்று வெர்னா முடிவு செய்தார். வீட்டில் சிக்னல் கிடையாது என்பதால் கிளப்பிலிருந்து. 'தங்கள் அழைப்பு எங்களுக்கு முக்கியமானது' என்றது போன். பிறகு பியானோ. ஒலிபெருக்கியில் போட்டு மேஜைமேல் வைத்துவிட்டு, எதிரே உட்கார்ந்து பீன்ஸ் உரித்தார். ஒரு மணி நேரம் ஐம்பது நிமிஷம் பியானோ வாசித்தது. வெளியே ஆடிக்கொண்டிருந்தவர்கள் தங்களை அறியாமல் அதன் தாளத்துக்கு நடந்தார்கள். கடைசியில் ஒரு குரல் வந்தது. பெயரையும் பிறந்த தேதியையும் கேட்டது. சம்பளச் சீட்டு இருக்கிறதா என்று கேட்டது. ஷெட் கைமாறிவிட்டது, புது முதலாளியிடம் பழைய சீட்டுகள் இல்லை என்றார் வெர்னா. அப்படியானால் கடன் நிற்கும் என்றது குரல். வேறு ஏதாவது உதவி வேண்டுமா என்றும் கேட்டது.

அன்று டாரல் பாரில் இரண்டு ஸ்டூல் தள்ளி உட்கார்ந்திருந்தார். எல்லாவற்றையும் கேட்டார். எழுந்து போகும்போது தன் கிளாஸுக்கு அடியில் இருந்த அட்டையை வெர்னாவின் கிளாஸுக்கு அடியில் செருகிவிட்டுப் போனார். போகிற போக்கில், மழை வரும் போலிருக்கிறது என்றார். வானத்தில் ஒன்றும் இல்லை. அட்டையில் பேனாவால் எழுதியிருந்தது: 'எப்படிக் கணக்குப் போட்டாங்கன்னு எழுத்துல கேள். மறுஆய்வு கேள். தீர்ப்பாயம் வரைக்கும் போ. பேசு.'

கடைசி வார்த்தைக்கு அடியில் இரண்டு கோடு.

வெர்னா அப்படியே எழுதிக் கேட்டார்; மறுஆய்விலும் கடன் நின்றது, தீர்ப்பாயத்துக்கு மனுப் போட்டார். தீர்ப்பாய விசாரணை போனில்தான், ஒரு வியாழக்கிழமை காலை பத்து மணிக்கு என்று தெரிவித்தார்கள். புதன்கிழமையே கிளப்பைக் கேட்டு வாங்கிக்கொண்டார் வெர்னா. அந்த வருஷத்து ஆரஞ்சுப் பெட்டியைக் கொண்டுவந்தார். பாரின் தரைவிரிப்பில் ஸ்கோர் அட்டைகளைப் பரப்பினார், இரண்டு வாரத்துக்கு ஓர் இடமாக இருபத்தாறு இடங்களில். அன்று நாற்பத்து மூன்று டிகிரி. மின்விசிறி போட்டால் அட்டைகள் பறக்கும் என்று நிறுத்திவிட்டார். டல்சி ஒரு பழைய ஸ்கோர் அட்டையால் விசிறிக்கொள்ளப் போக, "அது ஆகஸ்ட், கீழ வை," என்றார்.

சாயங்காலம் வரை ஒரு வருஷத்தின்மேல் மண்டியிட்டு நகர்ந்தார். ஒரு குவியலில் இருந்து அடுத்ததற்குப் போகும்போது தரைவிரிப்புத் துண்டையும் இழுத்துக்கொண்டே போனார். ஏற்கெனவே தரைவிரிப்பு இருக்கிறதே என்று மெர்வ் சொன்னது அவர் காதில் விழவில்லை. முதலில் அட்டையின் முன்பக்கத் தேதி. பிறகு பின்பக்கத்து மணிக்கணக்கு. பிறகு, தான் போனில் சொன்ன தொகைகளை அலுவலகமே அனுப்பியிருந்த பட்டியல். ஒவ்வொரு குவியலையும் இரண்டு முறை பார்த்தார்.

நாலு மணிக்கு ஜூலையில் நின்றுவிட்டார்.

"டல்சி, இந்த அட்டையைப் பாரு."

"நாம ஜெயிச்ச பைனல்."

"பின்னால பாரு."

பின்னால் பென்சிலில் 'சனி காலை, 6 மணி நேரம்' என்று இருந்தது. போனில் சொன்ன பட்டியலில் அந்த ஆறு மணி நேரம் இல்லை. வெர்னா அதன் கணக்கைப் போட்டார். அந்தக் காலைக்காக அவருக்கு அறுபத்தொரு டாலர் நாற்பது சென்ட் கூடுதல் உதவித்தொகை வந்திருக்கிறது.

டல்சி அட்டையை வாங்கித் தன் கைப்பைக்குள் போட்டுக்கொண்டார். "எந்த அட்டை?" என்றார்.

"குடு."

"அவனுங்களுக்கு உன் வீட்டு விலாசம் தவிர எதுவும் தெரியாது. நீ போய்ப் பழம் உரிச்சுக் குடுக்கறியா? பேச வேண்டிய நேரத்துல மூணு வாரம் ஊமையா இருந்தே. இப்ப ஊமையா இருக்க வேண்டிய நேரம், இப்பவா பேசப்போறே?"

"குடு டல்சி. இதை விட்டுட்டு மத்த இருபத்தஞ்சும் சரின்னு எப்படிச் சொல்லுவேன்?"

டல்சி கொடுத்துவிட்டார், ஆனால் அன்று முழுக்க வெர்னாவோடு பேசவில்லை. எழுபத்தொன்பது வருஷத்தில் அவர் பேசாமல் இருந்த மிக நீண்ட நேரம் அதுவாக இருக்கலாம்.

வியாழக்கிழமை மெர்வுக்கு வெளியே வேலை. டல்சியும் நானும் இருந்தோம். அடிலெய்டிலிருந்து தீர்ப்பாயத்து அம்மாள் ஒருவர் லைனில் வந்தார். அலுவலகத்தின் சார்பில் இன்னோர் ஊரிலிருந்து ஓர் இளைஞர்.

"மிஸஸ் பாஸ்கோ, உங்க கூட யாராவது இருக்காங்களா?"

"டல்சி இருக்கா. பேச மாட்டா."

"பேச மாட்டேன்," என்றார் டல்சி.

வெர்னா சொல்ல ஆரம்பித்தார். போனை ஒரு கையில் வைத்துக்கொண்டு ஒவ்வொரு குவியலாக நடந்தார். எந்தத் தேதியில் யாரோடு ஆட்டம், அந்த வாரம் எத்தனை மணி நேரம், போனில் என்ன சொன்னேன். அக்டோபரிலிருந்து மே வரைக்கும் மணிக்கணக்கு என்று ஒன்றும் இல்லை, ஆட்டம் மட்டும்தான். "மழையால் கைவிடப்பட்டதுன்னு போட்டிருக்கு பாருங்க," என்று போனுக்கு அட்டையைக் காட்டினார். ஜூலைக்கு வந்ததும் மேஜை அருகே நின்றார்.

"இந்த எடத்துல ஒரு தப்பு இருக்கு. எனக்கு எதிரா இருக்கிற தப்பு."

டல்சி மேஜைக்கு அடியில் காலை நீட்டி உதைத்தார். உதை எனக்கு விழுந்தது.

"சொல்லுங்க," என்றது போன்.

"சனிக்கிழமை காலையில திடீர்னு ஷெட்டுலேர்ந்து கூப்பிட்டாங்க. ஆறு மணி நேரம். வெள்ளிக்கிழமையே நான் போன்ல சொல்லி முடிச்சிருந்தேன். சாயங்காலம் பைனல். ஜெயிச்சோம். அப்புறம் சொல்ல மறந்துட்டேன்."

இளைஞர் சட்டென்று குறுக்கே வந்தார். "குறிச்சுக்கறேன். கடன் இருக்குன்னு அவங்களே ஒத்துக்கறாங்க."

"எவ்வளவுன்னு ஒத்துக்கறாங்க?" என்றார் தீர்ப்பாயத்து அம்மாள்.

"அறுபத்தொரு டாலர் நாப்பது சென்ட்," என்றார் வெர்னா. "நீங்களும் ஒரு தடவை போட்டுப் பாருங்க கண்ணு."

அடிலெய்டில் அந்த அம்மாளை அப்படி யாரும் கூப்பிட்டிருக்க மாட்டார்கள். காகிதம் புரளும் சத்தம் கேட்டது. பேனா ஓடும் சத்தமும் கேட்டது. "சரியா இருக்கு," என்றார். பிறகு இளைஞரைக் கேட்டார். "மத்த இருபத்தஞ்சுக்கும் நீங்க இப்படிப் போட்டுப் பாத்தீங்களா?"

"சராசரி வருமானம்னு பாத்தா..."

"சராசரியைக் கேக்கல. குறிப்பிட்ட ஒரு ரெண்டு வாரத்துல அவங்க எவ்வளவு வேலை செஞ்சாங்க? ஏதாவது ஒண்ணு. நீங்களே தேர்ந்தெடுத்துச் சொல்லுங்க."

"அதை நிரூபிக்க வேண்டியது அவங்க பொறுப்பு."

"கடன் இருக்குன்னு சொல்றது நீங்க. பொறுப்பு எப்படி அவங்களுது?"

இளைஞர் பதில் சொல்லவில்லை. வெர்னா போனை மெதுவாக மேஜைமேல் வைத்தார். மணிக்கட்டைத் திருப்பிக் கடிகாரத்தைப் பார்த்தார். எங்களைப் பார்த்து உதட்டில் விரலை வைத்தார். வெளியே தண்ணீர்த் தெளிப்பான் சுற்றும் சத்தம் மட்டும் கேட்டது. முப்பது விநாடி போனதும் எங்கள் பக்கம் குனிந்து, "ஒண்ணும் விழல," என்று கிசுகிசுத்தார்.

தீர்ப்பு எழுத்தில் வரும் என்று சொல்லி லைனை வைத்தார்கள். அட்டைகளைத் திரும்ப அடுக்கிப் பெட்டியில் வைக்க மத்தியானம் ஆகிவிட்டது. டல்சி மின்விசிறியைப் போட்டு அதன் கீழே நின்றுகொண்டார். "கிறுக்கச்சி," என்றார். "அறுபத்தொரு டாலரைக் கையில வெச்சுக்கிட்டு வந்து, எடுத்துக்கோ எடுத்துக்கோங்கறா. நாப்பது சென்ட்டையாவது மறைச்சியா?"

"மறைச்சிருந்தா அந்தம்மா போட்டுப் பாத்தப்ப இடிச்சிருக்குமே."

மார்ச் மாதம் ஒரு வெள்ளிக்கிழமை கடிதம் வந்தது. வெர்னா இந்த முறை முதல் வரியோடு நிறுத்தவில்லை. தபால் பெட்டியின் பக்கத்தில் நின்றபடியே நாலு பக்கத்தையும் படித்தார், காலியாக இருந்த பின்பக்கங்களையும் திருப்பிப் பார்த்தார். வருஷ மொத்தத்தை வகுத்துக் கிடைத்த எண், கடனுக்குச் சான்று ஆகாது. நாலாயிரத்து எழுநூற்றுப் பதினாறு டாலர் ரத்து. அபராதமும் ரத்து. கட்ட வேண்டியது அறுபத்தொரு டாலர் நாற்பது சென்ட். வருத்தம் தெரிவித்து எந்த வரியும் இல்லை. வெர்னாவும் அதைத் தேடவில்லை.

மறுநாள் சனிக்கிழமை. முப்பத்து நாலு டிகிரி, லேசான காற்று. ஒன்பது மணிக்குத் தபால் ஆபீஸ் திறந்ததும் வெர்னா உள்ளே போய் அறுபத்தொரு டாலர் நாற்பது சென்ட் கட்டினார். ரசீதை வாங்கிக்கொண்டார். பத்து மணிக்கு ரொட்டிக்கடை. ஒரு மணிக்குக் கிளப்புக்கு வந்து, இழுப்பறையில் பாட்டில் திறப்பான்களை விலக்கிப் பித்தளைக் கூட்டை எடுத்தார். அதைப் பார்க்காத மாதிரி எல்லோரும் வேறு எங்கோ பார்த்தார்கள். ஒன்றரைக்கு ஆட்டம் தொடங்கியது. டல்சி அணியும் டாரல் அணியும். பதினோராவது சுற்றில் இரண்டு பந்துகள் ஜாக்குக்கு ஒரே தூரத்தில் நிற்பது போலத் தெரிந்தன. டல்சியின் பந்து இன்னொன்றின்மேல் சாய்ந்திருந்தது. வெர்னா அரை நிமிஷம் கடிகாரத்தைப் பார்த்தார். பந்து விழவில்லை. அளந்தார். டல்சியுடையது என்று சொல்லிவிட்டுக் கயிற்றை டாரலிடம் நீட்டினார்.

டாரல் வாங்கிக்கொண்டார். தொப்பியைக் கழற்றிப் புல்லில் வைத்தார். பீர் வாடை அடிக்கும் அந்தத் துண்டின்மேல் மண்டியிட்டு, ஒரு கண்ணை மூடிக்கொண்டார்.

"நிழலை எடு வெர்னா," என்றார்.

வெர்னா இரண்டடி பின்னால் போனார்.